வேர்மண்

அரசாங்கக் கடிதங்களுக்கென்று தனியாக ஒரு தமிழ் இருக்கிறது. படிப்பவருக்குத் தலையும் புரியாது, வாலும் புரியாது. பயம் மட்டும் பத்திரமாக வந்து சேரும். ‘தங்கள் பெயரில் வைப்பிலுள்ள நினைவு, வைப்புக்காலம் இருபத்தைந்து ஆண்டுகள் பூர்த்தியாவதை முன்னிட்டு, இம்மாதம் 31ஆம் தேதி அழிக்கப்படவுள்ளது. ஆட்சேபணை இருப்பின் நேரில் ஆஜராகவும்.’ இப்படிப் பதினொரு பேருக்குக் கடிதம் போயிற்று. எட்டுப் பேர் சம்மதம் என்று கையெழுத்துப் போட்டு அனுப்பிவிட்டார்கள். இரண்டு கடிதங்கள் ஆள் உயிரோடு இல்லை என்று திரும்பி வந்தன. பதினோராவது கடிதத்தைக் கையில் பிடித்துக்கொண்டு சங்கரேஸ்வரி நேரிலேயே வந்துவிட்டாள்.

தெய்வானை அவளை எதிர்பார்த்துத்தான் இருந்தாள். உள்ளதைச் சொன்னால், வந்துவிடக் கூடாதே என்று இருபத்தைந்து வருஷமாக வேண்டிக்கொண்டிருந்தாள்.

மதுரையிலிருந்து திருமங்கலம் போகிற சாலையில் இருந்தது அந்தக் கட்டடம். பலகையில் ‘நினைவு நீக்க, வைப்பு மையம்’ என்று எழுதியிருக்கும். யாரும் அப்படிச் சொல்வதில்லை. பஸ் கண்டக்டர்கூட “குப்பி ஆஸ்பத்திரி எறங்கு” என்றுதான் கத்துவார். ஆளையே குடித்துவிடும் என்று தெரிகிற நினைவுகளை மூளையிலிருந்து எடுத்து, சுண்டுவிரல் உயரக் கண்ணாடிக் குப்பிகளில் அடைத்து, குளிர் அறையில் வைப்பது அங்கே வேலை. தெய்வானை முதல் நாளிலிருந்து அங்கே இருக்கிறாள். நர்சாக வந்தவள் இப்போது குப்பி அறையின் பொறுப்பாளர். அந்த 31ஆம் தேதியோடு அவளுக்கும் வைப்புக்காலம் பூர்த்தி, ஓய்வு.

சங்கரேஸ்வரிக்கு நாற்பத்து நான்கு வயது. மேசைக்கு எதிரே உட்கார்ந்ததும் அவள் செய்த முதல் காரியம், கையிலிருந்த டோக்கன் சீட்டை அங்கே கிடந்த பென்சிலில் வைத்துச் சுருட்டியது. நான்கு விரலால் உருட்டி, பெருவிரலால் ஓரத்தை அழுத்தி, பென்சிலை உருவினாள். கச்சிதமாக ஒரு காகிதக் குழல் மேசைமேல் நின்றது.

“மன்னிச்சுக்கங்க சிஸ்டர். கை சும்மா இருந்தா இப்பிடித்தான் பண்ணுது. பஸ் டிக்கெட்டு, மளிகைச் சீட்டு, எதையும் விடாது. ‘கல்யாணப் பத்திரிகையவாச்சும் படிக்க விடு’ம்பாரு எங்க வீட்டுக்காரரு. எங்க ஊருல வெடிக்குக் குழல் சுத்துற வேலையாம். அதான் இதுன்னு சொல்றாக.”

“கை கத்துக்கிட்டது கையில தங்கிரும்மா. அதை நாங்க தொடுறதில்லை,” என்றாள் தெய்வானை. குரல் சரியாக வந்ததில் அவளுக்கே ஆச்சரியம்.

“குப்பியில என்ன இருக்குன்னு தெரியும் சிஸ்டர். பட்டாசு ஆலை வெடிச்சது. ஏழு பேரு செத்தது. அதுல எங்கம்மாவும் ஒண்ணு. எல்லாம் மத்தவுக சொல்லித்தான் தெரியும். எனக்கு அந்தத் தீ வேணாம். எங்கம்மா வேணும்.”

தெய்வானை கடிதத்தை வாங்கி மேசைமேல் வைத்தாள்.

“பேரு குருவம்மாளாம். ரேஷன் கார்டுல ஒரு போட்டோ இருக்கு. யாரையோ மொறச்சுக்கிட்டு ஒரு பொம்பளை. அம்மான்னு சொல்றாக, சரின்னு கும்பிட்டுக்கிறேன். வருசா வருசம் படையல் போடுறேன். யாரு வீட்டு ஆளுக்கோ போடுற மாதிரி இருக்கு. அழுகை வரமாட்டேங்குது சிஸ்டர். ஒரு தடவை அழணும்னு ஆசையா இருக்கு.” சங்கரேஸ்வரி குழலைப் பிரித்து, நீவி, திரும்பவும் சுருட்டினாள். “எம் மகளுக்கு இது ஏழாம் மாசம். போன வாரம் தலைக்கு எண்ணெய் வச்சுவிட்டேன். ‘ஒனக்கு யாரும்மா இப்பிடி வச்சுவிட்டா’ன்னு கேட்டா. சொல்லலாம்னு வாயத் தொறந்தேன். உள்ள ஒண்ணுமில்லை. பத்தொம்பது வருசம் ஒருத்திகிட்ட வளந்திருக்கேன், ஒண்ணுமே இல்லை.”

“ஒரு நெனப்ப மட்டும் தனியா எடுக்க முடியாதும்மா. நாத்துப் பிடுங்குறப்ப வேரோட மண்ணும் வருதுல்ல? அப்பிடி. நாங்க அத வேர்மண்ணுன்னு சொல்லுவோம். தீய எடுக்குறப்ப அதைச் சுத்தி இருந்ததும் சேந்து வந்திருச்சு.”

“அப்ப மண்ண மட்டும் ஒதறிக் குடுங்க.”

“ஒதற முடியாது. குப்பியத் தொறந்தா முழுசாத்தான் உள்ள போகும்.”

“அப்ப தீயோட சேத்தே குடுங்க.”

“தங்கப்பாண்டின்னு ஒருத்தரு. ஒங்ககூட வேலை பார்த்தவருதான். பத்து வருசத்துக்கு முன்ன அடம் பிடிச்சு வாங்கிட்டுப் போனாரு. நாப்பது நாள் தாங்கலை. தீயப் பார்த்த மறுநாளு மாதிரியே இருந்திருக்கு அவருக்கு. வருசக் கணக்கெல்லாம் அந்த நெனப்புக்குத் தெரியாது. அதுக்கப்புறம்தான் பொறுப்பாளர் கையெழுத்து இல்லாமக் குப்பி வெளிய போகக் கூடாதுன்னு சட்டம் போட்டாங்க.”

“பொறுப்பாளரு யாரு?”

“நாந்தான்.”

சங்கரேஸ்வரி அவளை நிமிர்ந்து பார்த்தாள். கோபமில்லை, கெஞ்சலும் இல்லை. “அப்ப எங்கம்மா ஒங்க கையிலதான் இருக்கு,” என்றாள்.

28ஆம் தேதி வரச்சொல்லி அனுப்பிவிட்டு, தெய்வானை குளிர் அறைக்குப் போனாள். எட்டாவது தட்டு, ஏழாவது குப்பி. உள்ளே பன்னீர் நிறத்தில் ஏதோ அசைந்தது. பெயர்ச் சீட்டில் இருந்த கையெழுத்து அவளுடையதுதான்.

கங்கரைப்பட்டியில் மேட்டுத் தெரு என்று ஒரு தெரு இருந்தது. பத்தொன்பது வீடுகள். அந்தத் தெருவில் யாருக்கும் பெயர் கிடையாது. பெரியம்மா, மாமா, அத்தை, மதினி என்று எல்லாமே முறைதான். ரத்தச் சொந்தம் யார், வாய்ச் சொந்தம் யார் என்று பிரித்துப் பார்க்கிற பழக்கம் அங்கே இல்லை. பிரித்தால் சண்டைதான் வரும். தெய்வானை வீட்டுக்கு எதிர்வீடு குருவம்மா. அவள் சித்தி. எப்படிச் சித்தி என்று தெய்வானை ஒருமுறை அம்மாவிடம் கேட்டாள். “கூப்புடு, சித்தியாயிரும்,” என்று சொல்லிவிட்டாள் அம்மா.

குருவம்மா சித்திக்கு அலுமினியப் பொடி கலக்கிற ஷெட்டில் வேலை. சாயங்காலம் ஐந்தரைக்கு ஆலை பஸ் தெருமுனையில் நிற்கும். இறங்கி வருகிற பெண்களில் சித்தி மட்டும் உச்சியிலிருந்து பாதம்வரை வெள்ளியாக மினுங்குவாள். இமை வெள்ளி, காது வெள்ளி, சிரித்தால் பல்லும் வெள்ளி. சாய்ந்த வெயில் மேலே பட்டால் சாமி இறங்கி வருகிற மாதிரி இருக்கும். தெருப் பிள்ளைகள் “வெள்ளிச் சித்தி டோய்” என்று கத்திக்கொண்டு பின்னால் ஓடுவார்கள். அவளும் சும்மா போக மாட்டாள்; அகப்பட்ட பிள்ளையின் மூக்கில் ஒரு விரலால் தொட்டு வெள்ளிப் பொட்டு வைத்துவிட்டுத்தான் போவாள்.

வாசல் குழாயில் அரப்பு போட்டுத் தேய்த்துக் குளித்துவிட்டு, சித்தி குழந்தையைத் தூக்குவாள். குழந்தை வீறிட்டு அலறும். அதற்குக் கழுவின அம்மா வேண்டாம், மினுங்குகிற அம்மாதான் வேண்டும். கடைசியில் ஒரு வழி கண்டுபிடித்தாள். உதறிக் காயப்போட்ட வேலைச் சேலையில் தொட்டில் கட்டினாள். எத்தனை உதறினாலும் போகாத பட்டாசுக் கரிமருந்து வாசத்தில் முகத்தைப் புதைத்ததும் குழந்தை சொல்லி வைத்தாற்போலத் தூங்கிப்போயிற்று. அந்தக் குழந்தைதான் சங்கரேஸ்வரி.

தெய்வானைக்கு அப்போது பதினான்கு வயது. சித்தி சமையலைப் பார்க்க, இவள் தொட்டிலைக் காலால் ஆட்டிக்கொண்டே கணக்குப் போடுவாள். “படி, நல்லாப் படி. நீயாச்சும் இந்த வாசம் இல்லாத ஊருக்குப் போயிரு தாயி,” என்பாள் சித்தி, அடுப்படியிலிருந்து.

தெய்வானை அந்தப் பேச்சைக் கொஞ்சம் அதிகமாகவே கேட்டுவிட்டாள். மதுரையில் நர்சிங் படிக்கச் சேர்ந்த முதல் வாரத்தில், பக்கத்துக் கட்டில்காரி முகம் சுளித்து, “ஒங்கிட்ட என்ன பட்டாசு நாத்தம்?” என்று கேட்டாள். அன்றைக்கு மூன்று தடவை தலைக்குக் குளித்தாள் தெய்வானை. ஊரிலிருந்து கொண்டுவந்த பாவாடைகளைத் தூக்கி எறிந்தாள். பிறகு அப்பாவையும் அம்மாவையும் மதுரைக்கே அழைத்துக்கொண்டாள். அந்த வாசத்தை ஒரு எதிரியைப் போல வெறுத்தாள்.

ஆலை வெடித்த அன்று அவளுக்கு வயது முப்பத்து மூன்று. தீக்காயப் பிரிவில் வேலை. அரைமணிக்கொரு வண்டி வந்தது. ஒரு வண்டியில் சங்கரேஸ்வரி வந்தாள், பத்தொன்பது வயதுப் பெண்ணாக. முழங்கைக்குக் கீழேதான் காயம். ரவிக்கையை வெட்டி எடுத்தவள் தெய்வானைதான். ரவிக்கையின் முன்பக்கத்தில், நெஞ்சுக்கு மேல், இரண்டு உள்ளங்கைகள் பதிந்திருந்தன. பத்து விரலும் விரிந்த, வெள்ளி நிறத்தில் இரண்டு கைகள்.

“அம்மா கைய நீட்டுச்சுக்கா. நான் வெளிய தண்ணி குடிக்கப் போயிட்டுத் திரும்பி ஓடுனேன். வாசல்ல நின்னு கைய நீட்டுச்சு. நான் பிடிக்கல. பிடிக்காம விழுந்துட்டேன்,” என்று அவள் கத்திக்கொண்டே இருந்தாள்.

“இல்லடி. இதப் பாரு. சித்தி ஒன்னத் தள்ளிவிட்டிருக்கு,” என்று தெய்வானை ரவிக்கையைக் காட்டிச் சொன்னாள். அவள் காதில் எதுவும் விழவில்லை. அடுத்த மூன்று மாதத்தில் இரண்டு முறை உயிரை விடப் பார்த்தாள். அப்போதுதான் குப்பி ஆஸ்பத்திரி புதிதாகத் தொடங்கியிருந்தது. தெய்வானை அங்கே மாற்றலாகிப் போயிருந்தாள்.

நினைவைப் பிடிக்க ஒரு வாசம் வேண்டும். வாசத்தைக் காட்டினால் அது எழுப்புகிற நினைவுகள் திரையில் புள்ளி புள்ளியாக ஒளிரும். ஒளிர்வதெல்லாம் குப்பிக்கு வந்துவிடும். “நீ அந்த ஊர்க்காரிதானே, இவளுக்கு என்ன வாசம் வைக்கலாம்?” என்று பெரிய டாக்டர் கேட்டார். கருகின வேம்பு என்று சொல்லியிருக்கலாம். ஷெட்டுக்குப் பக்கத்தில் அன்றைக்கு எரிந்த மரம் அது. தீக்காய மருந்து என்றுகூடச் சொல்லியிருக்கலாம். “கரிமருந்து வாசம் சார்,” என்றாள் தெய்வானை. தானே போய் ஒரு சிட்டிகை வாங்கி, காகிதத்தில் மடித்துக் கொண்டுவந்தாள். தனக்குப் பிடிக்காத வாசம் எல்லாருக்கும் பிடிக்காது என்று நினைத்துவிட்டாள். வேலைச் சேலைத் தொட்டிலைக் காலால் ஆட்டியவளே அப்படி நினைத்துவிட்டாள்.

கைப்பிடி அளவு புள்ளிகள் ஒளிரும் என்று எதிர்பார்த்தார்கள். திரை முழுக்க ஒளிர்ந்தது, தீபாவளி வானம்போல. பெரிய டாக்டர் பிரமாதம் என்றார். நிறுத்தும் பொத்தான் தெய்வானையின் பக்கம்தான் இருந்தது. அரை நிமிஷம் யோசித்தாள். அந்த அரை நிமிஷத்தில் எல்லாம் முடிந்துவிட்டது.

மறுநாள் கண் விழித்த சங்கரேஸ்வரி அமைதியாக இருந்தாள். கஞ்சி குடித்தாள். பிறகு தெய்வானையைப் பார்த்து, “நீங்க யாரு சிஸ்டர்?” என்று கேட்டாள். கோப்பில் ‘பக்க இழப்பு: மிதம்’ என்று எழுதினார்கள்.

அதை யாரிடமும் தெய்வானை சொன்னதில்லை. இப்போது டாக்டர் நவநீதனிடம் சொன்னாள். அவர் மையத்தின் இப்போதைய தலைமை மருத்துவர். அவள் மகன் வயதுதான் இருக்கும். முழுவதையும் கேட்டுவிட்டு மூக்குக் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார்.

“குப்பியைத் திருப்பிக் கொடுத்தா அந்தம்மா தாங்க மாட்டாங்க. அது உங்களுக்கே தெரியும்.”

“தெரியும் டாக்டர். அதைக் குடுக்க வேணாம். என்னோடதைக் குடுத்துருவோம்.”

“உங்களோடதா?”

“அதே வாசம்தான். அதே தெரு, அதே சித்தி. நான் ஆலையில இல்லை, அதனால தீ இல்லை. எனக்குக் கரிமருந்த மோந்து பாக்கக் குடுங்க. வர்றது பூரா அவளுக்கு வைங்க.”

டாக்டர் கண்ணாடியை மேசைமேல் வைத்தார். “ஒருத்தர் நினைவை இன்னொருத்தருக்கு வைக்கிறது உறவுக்குள்ள மட்டும்தான் சட்டப்படி முடியும்.”

“படிவத்துல அக்கா தங்கச்சின்னு எழுதுங்க.”

“நிஜமாவே சொந்தமா?”

“எங்க தெருவுல யாரை வேணாலும் கேட்டுப் பாருங்க.”

“சரி, அப்படியே இருக்கட்டும். உங்களுக்கு என்ன மிஞ்சும்னு யோசிச்சீங்களா? பதினேழு வயசு வரைக்கும் போயிடும். உங்க அம்மா, அப்பா, அந்த வீடு. அந்த வாசத்தோட ஒட்டின எல்லாம். இந்தச் சங்கரேஸ்வரி முகம்கூட மறந்துடும். நீங்க பண்ணின தப்பும் மறந்துடும்.” அவர் கண்ணாடியை மாட்டிக்கொண்டார். “கேக்கக் கூடாதுதான். இது தானமா, தப்பிச்சு ஓடுறதா?”

“ரெண்டும்தான் டாக்டர்,” என்றாள் தெய்வானை.

28ஆம் தேதி சங்கரேஸ்வரி வந்தபோது, தெய்வானை முதலில் வாயால் சொல்லிப் பார்த்தாள். வெள்ளிச் சித்தி, மூக்கில் பொட்டு, தொட்டில் எல்லாவற்றையும் சொன்னாள். சங்கரேஸ்வரி கன்னத்தில் கை வைத்துக் கேட்டாள்.

“ஒங்களுக்கு எங்கம்மாவத் தெரியுமா சிஸ்டர்?” என்றாள் கடைசியில். “இம்புட்டுத் தெரிஞ்சவுக அன்னைக்கே ஏன் சொல்லலை?”

“அதுக்கும் பதில் இருக்கு. சொல்ல வாய் வரலை. நான் தரப்போற குப்பியிலயே வரும், நீயே பாத்துக்க.”

“நல்லாத்தான் சொல்றீக. யாரு கதையோ கேக்குற மாதிரி இருக்கு. அழுகை வரலையே சிஸ்டர்.”

“வரும்,” என்றாள் தெய்வானை. “ஒனக்கு வைக்கப்போறது ஒங் குப்பி இல்லை, என் நெனப்பு. இதுல ஒங்கம்மா இருக்கும். தீ இருக்காது, தீயப் பத்தி நீ சொல்லி நான் கேட்டது மட்டும் இருக்கும். நான் இருப்பேன். சில இடத்துல நான் ஒனக்குப் பிடிக்காம இருப்பேன். சம்மதமா?”

சங்கரேஸ்வரி கையெழுத்துப் போட்டாள். அவளுடைய பழைய குப்பியை அழிக்கவும் சேர்த்துத்தான் போட்டாள்.

31ஆம் தேதி காலை, நாற்காலியில் சாய்ந்து உட்கார்ந்த தெய்வானையின் மூக்குக்கு அருகே டாக்டர் காகிதப் பொட்டலத்தைப் பிரித்தார். நாற்பத்தொரு வருஷம் ஓட ஓட விரட்டிய வாசத்தை அவள் ஆழமாக இழுத்தாள். அவ்வளவுதான், தெரு எழுந்து நின்றது. ஐந்தரை மணி பஸ். அப்பா கைவிரல் இடுக்கில் கறுப்பு. அம்மா பழைய சோற்றுக்கு மிளகாய் சுடுகிற புகை. வெள்ளிச் சித்தி மூக்கைத் தொடுகிறாள். எத்தனை அழகான வாசம் இது, இதையா வெறுத்தேன் என்று தெய்வானை நினைத்தாள். அழுகை வந்தது. துடைப்பதற்குக் கையை உயர்த்தினாள். எதற்கு அழுகிறோம் என்று பாதி வழியிலேயே மறந்துபோயிற்று.

தீபாவளிக்கு முந்திய நாள் சாயங்காலம் தெய்வானை தன் வீட்டு ஜன்னலைச் சாத்திக்கொண்டிருந்தாள். தெருவில் பிள்ளைகள் வெடி போட்டுக்கொண்டிருந்தார்கள். ஏதோ ஒரு வாசம் உள்ளே வந்தது. கரித்தூள் மாதிரியும் கந்தகம் மாதிரியும் இருந்தது. முன்பின் அறியாத வாசம். நல்லதா கெட்டதா என்று தீர்மானிக்க முடியவில்லை.

ஓய்வு பெற்றதில் குறை ஒன்றுமில்லை. பெங்களூரில் இருக்கும் மகன் தினமும் பேசுகிறான். தூக்கம் நன்றாக வருகிறது. இத்தனை நல்ல தூக்கம் எப்போது வந்தது என்றே நினைவில்லை. பையில் மட்டும் ஒரு தாள் இருந்தது. மையத்தில் கொடுத்தது. ‘நீக்கப்பட்டவை: 1. பிறந்த ஊர், கங்கரைப்பட்டி. 2. பெற்றோர், தாய் சீனியம்மாள், தந்தை இருளப்பன். 3. குருவம்மாள் என்பவர். 4. பணி தொடர்பான ஒரு நிகழ்வு. பெற்றவர்: தங்கை சங்கரேஸ்வரி.’ வேறு யாருடைய விவரத்தையோ படிப்பதுபோல அதைத் தினமும் ஒரு தடவை படிப்பாள். தனக்கு ஒரு தங்கை இருந்ததாகவே அவளுக்கு நினைவில்லை.

வாசல் மணி அடித்தது. கையில் தூக்குச்சட்டியோடு ஒரு பெண் நின்றாள். கண்கள் இரண்டும் வீங்கியிருந்தன. முகம் என்னவோ கழுவிவிட்டதுபோலத் தெளிவாக இருந்தது.

“அக்கா,” என்றாள் வந்தவள்.

“நீங்க யாரு?”

வந்தவள் ஒரு நொடி அப்படியே நின்றாள். பிறகு சிரித்தாள். “இதே கேள்விய நான் ஒருக்கக் கேட்டேன். அப்ப ஒங்களுக்கு எப்பிடி இருந்திருக்கும்னு இப்பத் தெரியுது. நாந்தேன்க்கா சங்கரேஸ்வரி. ஒங்க தங்கச்சி. உள்ள வரலாமா?”

பெயரைத் தாளில் படித்திருந்ததால் தெய்வானை வழிவிட்டாள். வந்தவள் நாற்காலியை விட்டுவிட்டுத் தரையில் சம்மணம் போட்டு உட்கார்ந்தாள். தூக்குச்சட்டியைத் திறந்து, வெல்லப் பூரணம் வைத்துச் சுட்ட சீயம் இரண்டை எடுத்து வைத்தாள்.

“பதினாலு நாள் அழுதேன்க்கா. வீட்டுக்காரரு பயந்துட்டாரு. நான் நல்லா இருக்கேன், அழ விடுங்கன்னு சொன்னேன். அம்புட்டு நல்லா இருந்துச்சு.” மூக்கை உறிஞ்சினாள். “எம் மகளுக்கு எண்ணெய் வச்சுவிட்டுக்கிட்டே சொல்றேன், அவ பாட்டுக்குக் கேட்டுக்கிட்டே இருக்கா. பெறகுதேன் ஒங்க நெனப்பு வந்துச்சு. என்னோடத வாங்கிக்கிட்டேன், ஒங்களோடதும் சேந்து எங்கிட்டயில்ல வந்திருச்சு? அதச் சொல்லிட்டுப் போகலாம்னு வந்தேன்.”

“எங்கம்மா பேரு சீனியம்மாள்னு போட்டிருக்கு,” என்றாள் தெய்வானை தயக்கமாக.

“ஆமா. ஒல்லியா இருக்கும். பேசுறப்ப முந்தானையால வாயத் தொடச்சுக்கிட்டே இருக்கும். பழைய சோத்துக்கு மொளகாய் சுட்டா, நல்லாச் சுட்டத ஒங்களுக்கு வச்சுட்டுக் கருகுனத அது திங்கும். நீங்க அதைப் பார்த்தும் பாக்காத மாதிரி திம்பீக. திருட்டுப் பொம்பளை.”

தெய்வானைக்குச் சிரிப்பு வந்துவிட்டது. அந்தப் பெண் தன்னைத் திட்டியது ஏனோ பிடித்திருந்தது. “அப்புறம்?” என்றாள்.

“எதிர்வீட்டுல எங்கம்மா. வேலை முடிஞ்சு வந்தா வெள்ளியா மின்னும். தொட்டில்ல நான். நீங்க காலால ஆட்டிக்கிட்டே கணக்குப் போடுவீக. ஒங்க கண்ணால என்னைப் பார்த்தேன்க்கா. இம்புட்டூண்டு இருந்தேன். எங்கம்மா என்னைத் தூக்கி வச்சுக்கிட்டு எப்பிடிப் பார்த்துச்சுன்னு பார்த்தேன். அது எனக்கே இருந்த நெனப்புலகூட இருந்திருக்காதுல்ல? கைப்பிள்ளைக்கு என்ன தெரியும்?” சங்கரேஸ்வரி இரண்டு கைகளையும் விரித்துக் காற்றில் வைத்துக் காட்டினாள். “பெறகு அந்த ரவிக்கை. ரெண்டு கை, இப்பிடி. பிடிக்க வர்ற கை இப்பிடி விரிஞ்சா இருக்கும்? தள்ளுற கைக்கா இது. எங்கம்மா என்னைப் பிடிக்க வரலை, பொழைச்சுப் போன்னு தள்ளிவிட்டுச்சு. நீங்க பார்த்து வச்சிருந்ததனால எனக்குத் தெரிஞ்சுச்சு.”

தெய்வானைக்கு அது என்ன ரவிக்கை என்று தெரியாது. ஆனாலும் தலையாட்டினாள். எழுந்துபோய்ப் பையிலிருந்த தாளை எடுத்துவந்து நீட்டினாள்.

“மூணு வரைக்கும் சொல்லிட்டீங்க. இந்த நாலாவது என்ன? ‘பணி தொடர்பான ஒரு நிகழ்வு’. டாக்டரைக் கேட்டேன், சொல்ல மாட்டேங்குறாரு.”

சங்கரேஸ்வரி தாளை வாங்கிப் பார்த்தாள். நெடுநேரம் பார்த்தாள். அந்த ஒரு வரியில் அவளுக்குள் எத்தனை நாள் கோபம் எரிந்து அணைந்திருக்கும் என்று எதிரே இருந்தவளுக்குத் தெரிய வாய்ப்பில்லை. காகிதத்தில் மடித்த ஒரு சிட்டிகை. அரை நிமிஷம். அதன் பின்னாலேயே இருபத்தைந்து வருஷத் தூக்கமில்லாத ராத்திரிகள், ஒன்றுவிடாமல். எல்லாம் இப்போது இவளிடம் இருந்தன.

“அது எங்கிட்டயே இருக்கட்டும்க்கா. பத்திரமா வச்சுக்கிறேன்.”

“ஆபத்தானதா?”

“ஒங்ககிட்ட இருந்தப்ப ஆபத்தாத்தேன் இருந்துச்சு,” என்றாள் சங்கரேஸ்வரி. அவள் விரல்கள் அந்தத் தாளை மெதுவாகச் சுருட்டத் தொடங்கியிருந்தன. நான்கு விரலால் உருட்டி, பெருவிரலால் ஓரத்தை அழுத்தி, சின்னக் குழலாக்கித் தன் மடியில் செருகிக்கொண்டாள். “சீயம் ஆறுது. சாப்பிடுங்க.”

தெய்வானை ஒன்றை எடுத்துப் பிட்டாள். வெளியே ஒரு சரவெடி படபடவென்று வெடித்து ஓய்ந்தது. மூடிய ஜன்னலையும் மீறி அந்த வாசம் வந்தது. சங்கரேஸ்வரி கண்ணை மூடி அதை இழுத்தாள். அதைப் பார்த்து, தெய்வானையும் எதற்கென்று தெரியாமலே எழுந்துபோய் ஜன்னலைத் திறந்துவைத்தாள். திரும்பி வந்து தரையில், அவளுக்கு எதிரே உட்கார்ந்தாள்.

“சொல்லு. காலால ஆட்டிக்கிட்டே கணக்குப் போட்டேன். அப்புறம்? கணக்குச் சரியா வந்துச்சா?”

“எங்க வந்துச்சு?” என்றாள் தங்கச்சி. “அதுக்குள்ள நான்தேன் முழிச்சு அழுதுட்டேன்ல.”